வெட்டிப்போன கைக்கு மூளையில் இடம் இருக்கிறதா?

வாசகர் கேள்வி, 5 அக்டோபர் 2025

என் மாமனாருக்கு விபத்தில் வலது கை போய்விட்டது. இல்லாத கையில் விரல் எரிகிறது, வலிக்கிறது என்கிறார். கையே இல்லாதபோது வலி எங்கிருந்து வரும்? வீட்டில் எல்லோரும் மனப்பிரமை என்கிறார்கள். எனக்கும் அப்படித்தான் படுகிறது. விவரம் தெரிந்தவர்கள் எழுதவும்.

5 அக்டோபர், இரவு

பிரமை இல்லை. முதலில் வீட்டில் அந்தச் சொல்லை நிறுத்துங்கள், மற்றதைப் பிறகு பேசலாம்.

நான் பாளையங்கோட்டையில் இயன்முறை சிகிச்சை செய்கிறவள். சர்க்கரை நோயால் கால் எடுக்கப்பட்டவர்கள், பனையிலிருந்து விழுந்தவர்கள், இயந்திரத்தில் கை போனவர்கள் எல்லாரும் என்னிடம் வருகிறார்கள். இழந்த உறுப்பு இன்னும் இருப்பதாக உணர்வது அவர்களில் பெரும்பாலோருக்கு உண்டு. அது வலிப்பதும் பலருக்கு உண்டு. கேட்டால்தான் சொல்வார்கள். கேட்காவிட்டால் மென்று விழுங்கிவிடுவார்கள், ஏனென்றால் பைத்தியம் என்று பெயர் வாங்க யாருக்கும் விருப்பமில்லை. அமெரிக்க உள்நாட்டுப் போரில் கை கால் இழந்த சிப்பாய்களைப் பார்த்த சைலஸ் வெய்ர் மிட்செல் என்ற மருத்துவர் 1871இலேயே இதைப் பற்றி எழுதிவிட்டார். 150 ஆண்டுகளுக்கு மேலாகியும் வீட்டுக்கு வீடு இதே பேச்சுத்தான்.

6 அக்டோபர்

வலி எங்கிருந்து வரும் என்ற கேள்விக்கு வருகிறேன். முதலில் தொடுவுணர்வு போகும் வழி.

வலது ஆள்காட்டி விரலால் ஈர மணலைத் தொடுகிறீர்கள். விரல் நுனியில் கிளம்பும் துடிப்பு கை நரம்பு வழியாகக் கழுத்துப் பகுதியில் தண்டுவடத்துக்குள் நுழைந்து, அதே பக்கத்தில் மேலே ஏறி, மூளையின் அடியில் இருக்கும் முகுளத்தில் முதல் முறையாக வேறொரு நரம்பணுவிடம் கைமாறுகிறது. அங்கேதான் இடப்பக்கம் தாண்டுகிறது. அடுத்த கைமாற்றம் மூளையின் நடுவில் உள்ள தலாமஸில். கடைசியில் இடது மூளையின் மேற்பரப்பில், உச்சியிலிருந்து காதை நோக்கி இறங்கும் ஒரு மடிப்பில் போய்ச் சேருகிறது. வலியும் சூடும் வேறு பாதையில் போகின்றன. அவை தண்டுவடத்துக்குள் நுழைந்த உடனேயே மறுபக்கம் தாண்டிவிடும். அதனால்தான் தண்டுவடம் ஒரு பக்கம் மட்டும் அறுபட்டவருக்கு அந்தப் பக்கக் காலில் தொடுவுணர்வும், எதிர்ப் பக்கக் காலில் வலியும் தெரியாமல் போகும்.

அந்த மடிப்பில் உடம்பு முழுவதும் வரிசையாகக் கிடக்கிறது: உச்சியில் கால், அப்புறம் உடல், கை, விரல்கள், கீழே முகம், உதடு, நாக்கு. கனடாவின் மாண்ட்ரீலில் வில்டர் பென்ஃபீல்ட் இதை வரைந்தார். வலிப்பு நோய்க்கான அறுவையின்போது நோயாளி விழித்திருப்பார். மூளைக்கு வலி தெரியாது என்பதால் தலைத்தோலை மட்டும் மரத்துப்போகச் செய்தால் போதும். மூளைப் பரப்பில் மெல்லிய மின்சாரம் கொடுத்து, எங்கே என்ன தெரிகிறது என்று நோயாளியையே கேட்டார். விரலில் என்றார், உதட்டில் என்றார். விரலை யாரும் தொடவே இல்லை. போல்ட்ரேயுடன் சேர்ந்து அவர் இதை வெளியிட்டது 1937இல்.

உங்கள் கேள்விக்குப் பதில் இதில்தான் இருக்கிறது. கையின் இடத்தில் உள்ள அணுக்கள் எதனால் துடித்தாலும் மூளை அதைக் கையில் நடந்ததாகவே எடுத்துக்கொள்ளும். கையை அகற்றும்போது அந்த இடத்தை யாரும் அகற்றுவதில்லை. வெட்டுப்பட்ட நரம்பின் நுனி குச்சிமுனையில், அதாவது கையில் மீந்திருக்கும் பகுதியின் நுனியில், சிறு முடிச்சாக வளர்ந்து தன்னால் துடிப்பதும் உண்டு. அந்தத் துடிப்பும் பழைய வழியிலேயே ஏறி, விரல் எரிகிறது என்றுதான் சொல்லும்.

8 அக்டோபர்

முக்கூடலிலிருந்து ஒரு தம்பி கேட்கிறார்: உடம்பில் பெரிய உறுப்புக்கு மூளையிலும் பெரிய இடமா?

இல்லை. முதுகு எவ்வளவு அகலம்! அதற்குக் கிடைத்திருப்பது துண்டு நிலம். உதட்டுக்கும் விரல் நுனிக்கும்தான் தாராளம். இதை வீட்டிலேயே பார்க்கலாம். கொண்டை ஊசியை வளைத்து இரண்டு முனையும் ஒரே மட்டத்தில் வரும்படி செய்துகொள்ளுங்கள். கண்ணை மூடியவரின் விரல் நுனியில் வைத்தால், முனைகள் 2, 3 மில்லிமீட்டர் தள்ளியிருந்தாலே இரண்டு என்று சொல்லிவிடுவார். முதுகில் ஏறக்குறைய 40 மில்லிமீட்டர் விரித்தால்தான் இரண்டாகத் தெரியும். அதற்குள் இருந்தால் ஒரே குத்து என்பார். ஜெர்மனியின் எர்ன்ஸ்ட் வெபர் 1834இல் செய்து காட்டிய சோதனை இது.

முக்கூடல் என்றதும் என் மைனி நினைவு வந்தது. சுளகை மடியில் வைத்துக்கொண்டு பீடி சுற்றுகிறவர். வெட்டிய இலையில் தூளைக் கிள்ளிப் போடும்போது சுளகைப் பார்க்கவே மாட்டார். தெருவில் யார் போகிறார்கள், எந்த வீட்டில் என்ன குழம்பு என்று பேச்சு ஒரு பக்கம் நடக்கும், கை ஒரு பக்கம் நடக்கும். ஒருநாள் கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் கவனித்துப் பார்த்தேன். தூளைக் கிள்ளியதும் இரண்டு விரலும் ஒருமுறை உருட்டிப் பார்க்கின்றன. கூடுதலாக இருந்தால் கொஞ்சம் உதிர்கிறது. பிறகுதான் இலைக்குப் போகிறது. அந்த உருட்டல் கண் சிமிட்டும் நேரம்கூட இல்லை. எப்படித் தெரிகிறது என்று கேட்டால், தெரியத்தானே செய்யும் என்கிறார்.

பழகிய விரலுக்கு மூளையில் இடம் கூடுமா? வயலின் போன்ற தந்திக் கருவி வாசிப்பவர்களை 1995இல் தாமஸ் எல்பர்ட் குழுவினர் பரிசோதித்தார்கள். இடது கை விரல்கள்தான் தந்தியை அழுத்துகின்றன. அந்த விரல்கள் மூளையில் எழுப்பும் எதிர்வினை மற்றவர்களைவிடப் பெரிதாக இருந்தது. சிறு வயதிலேயே கற்கத் தொடங்கியவர்களுக்கு இன்னும் பெரிது.

11 அக்டோபர்

மாமனாரைப் பற்றிக் கேட்டவர் மறுபடி எழுதியிருக்கிறார்: காரணம் புரிகிறது, வலிக்கு வழி என்ன?

என் பெரியப்பாவின் கதையைச் சொல்கிறேன். ஆலங்குளம் பக்கம் மர அறுவை மில்லில் வேலை பார்த்தவர். வலது கை முழங்கைக்குக் கீழே போய்விட்டது. எரிச்சல் அவருக்குப் பெரிதில்லை, விரல்கள் இறுக மடங்கி நகம் உள்ளங்கையில் குத்திக்கொண்டே இருக்கிறது, விரிக்க முடியவில்லை என்பதுதான் அவர் குறை. ஒரு மருத்துவமனையில் போய்ச் சொன்னார். இல்லாத கைக்கு எப்படி ஐயா வலிக்கும் என்று கேட்டுத் தூக்க மாத்திரை எழுதிக்கொடுத்து அனுப்பிவிட்டார்கள். அதற்குப் பிறகு யாரிடமும் வாய் திறக்கவில்லை. பக்கத்துத் தெருவில் இருந்த எனக்கே தெரியாது. பெரியம்மா ஒருநாள் அழுதபோதுதான் விஷயம் வெளியே வந்தது. அந்த மருத்துவர்மேல் எனக்கு இன்றும் கோபம் ஆறவில்லை.

கண்ணாடி முறை என்று ஒன்று இருக்கிறது. 1990களின் நடுவில் இதைக் கொண்டுவந்தவர் விளையனூர் ராமச்சந்திரன், சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்தவர். நல்ல கையின் பிம்பம் இழந்த கை இருக்க வேண்டிய இடத்தில் தெரியும்படி கண்ணாடியை நிறுத்துவது, பிறகு நல்ல கையை அசைத்துக்கொண்டே பிம்பத்தைப் பார்ப்பது. இவ்வளவுதான்.

பெரியப்பா வீட்டில் இரும்பு பீரோ. கதவில் ஆளுயரக் கண்ணாடி. கதவைப் பாதி திறந்து நிறுத்தி, கண்ணாடி இடது கையைப் பார்க்கும்படி அவரை உட்கார வைத்தோம். வலது கைக் குச்சி கதவுக்குப் பின்னால் மறைந்திருந்தது. முதலில் ஒன்றும் நடக்கவில்லை. பார்த்தால், இடது மணிக்கட்டில் கைக்கடிகாரமும் குலதெய்வக் கோயில் கறுப்புக் கயிறும் இருக்கின்றன. வலது கையில் அவர் எந்தக் காலத்திலும் கடிகாரம் கட்டியதில்லை. பிம்பத்தில் இருப்பது தன் வலது கை என்று மூளை எப்படி ஒப்புக்கொள்ளும்? கடிகாரத்தைக் கழற்றினோம். கயிற்றைக் கழற்றப் பெரியம்மாவுக்கு மனமில்லை, முழங்கைக்கு மேலே ஏற்றிவிட்டோம். இடது கையை இறுக மூடிக்கொண்டு, பிம்பத்தைப் பார்த்தபடியே விரல் விரலாகத் திறக்கச் சொன்னேன். சுண்டுவிரல், மோதிரவிரல் என்று திறந்து வந்தவர், நடுவிரலுக்கு வரும்போது "விரிகிறது" என்றார். எந்தக் கை என்று நான் கேட்கவில்லை.

அன்று இரவே மறுபடி மடங்கிக்கொண்டது. விடாமல் செய்யச் செய்ய மடங்கும் நேரம் குறைந்து வந்தது. அடியோடு போய்விட்டது என்று சொல்ல மாட்டேன். எல்லோருக்கும் பலிக்கும் என்றும் சொல்ல மாட்டேன், ஆய்வு முடிவுகள் பல விதமாக இருக்கின்றன. ஆனால் செலவில்லை, மருந்தில்லை. தெரிந்தவர் ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய்து பாருங்கள்.

12 அக்டோபர்

ராமச்சந்திரனின் பெயரைப் பார்த்ததும் மூன்று பேர் ஒரே செய்தியை எழுதிவிட்டார்கள்: கன்னத்தைத் தொட்டால் இழந்த விரலில் தெரியுமாமே?

1992இல் அவர் எழுதியது அது. கை இழந்த சிலரின் முகத்தைப் பஞ்சுக் குச்சியால் தொட்டபோது, கன்னத்திலும் இல்லாத விரலிலும் சேர்ந்தே தெரிந்தது. மூளை மடிப்பில் கைக்கு அடுத்த வீடு முகம். கையின் இடம் காலியானதும் முகத்தின் நரம்பிழைகள் அங்கே பரவிவிட்டன என்பது அவர் விளக்கம். அதற்கு முந்திய ஆண்டு, 1991இல், டிம் பான்ஸ் குழுவினர் குரங்குகளில் இதையே பார்த்திருந்தார்கள். கையிலிருந்து வரும் நரம்புகள் துண்டிக்கப்பட்டு 12 ஆண்டுகள் ஆன குரங்குகள் அவை. முகத்தைத் தொட்டால் கையின் பகுதி துடித்தது. ஒரு சென்டிமீட்டருக்கும் மேலே பரவியிருந்தது. மூளை அளவில் அது பெரிய தூரம்.

சவரம் செய்யும்போது விரலில் ஏதாவது தெரிகிறதா என்று பெரியப்பாவிடம் கேட்டேன். இல்லை என்றார். என்னிடம் வந்தவர்களில் சிலருக்கு உண்டு, பலருக்கு இல்லை. இந்த விளக்கத்துக்கு மறுப்பு வலுவாக இருக்கிறது, நேரம் கிடைக்கும்போது எழுதுகிறேன்.

26 அக்டோபர்

மழை பிடித்துக்கொண்டது. பிசானத்துக்கு நாற்றங்கால் போடும் நேரம். வயலெல்லாம் தவளைச் சத்தம். அதனால் தவளையைப் பற்றி.

பயிற்சி கொடுத்தால் மூளை எதையும் மாற்றிவிடும் என்று ஒருவர் உறுதியாக எழுதியிருக்கிறார். அவர் உற்சாகம் எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் 1940களில் ரோஜர் ஸ்பெர்ரி செய்ததைப் பாருங்கள். தவளை போன்ற நீர்நில வாழ் உயிரிகளின் பார்வை நரம்பை அறுத்து, கண்ணைக் குழிக்குள்ளேயே தலைகீழாகத் திருப்பி வைத்தார். இவற்றின் நரம்பு மறுபடி வளர்ந்து மூளையைச் சேரும். பார்வை திரும்பியது. ஆனால் மேலே பூச்சியைக் காட்டினால் தவளை கீழே பாய்ந்தது, முன்னால் காட்டினால் பின்னால் திரும்பியது. எவ்வளவு காலம் விட்டாலும் கற்றுக்கொள்ளவே இல்லை. ஒவ்வொரு இழையும் கண் எந்தப் பக்கம் இருந்தாலும் தனக்கு விதித்த பழைய இடத்தையே தேடிப் பிடித்திருக்கிறது.

இழைக்கு இடம் எப்படித் தெரியும்? வேதிக் குறிகள் வழிகாட்ட வேண்டும் என்று ஸ்பெர்ரி 1963இல் எழுதினார். 1990களில் எஃப்ரின் என்ற புரதங்கள் கண்டுபிடிக்கப்பட்டன. பார்வை இழைகள் போய்ச் சேரும் பரப்பில் அவை ஒரு முனையில் அடர்த்தியாகவும் மறுமுனைக்குப் போகப் போக மெலிந்தும் இருக்கின்றன. அந்தச் சரிவை முகர்ந்துகொண்டே இழை தன் இடத்தில் நின்றுவிடுகிறது. வரைபடத்தின் அடித்தளம் பிறக்கும் முன்பே போடப்படுகிறது. பழக்கம் அதன்மேல்தான் வேலை செய்ய முடியும்.

2 நவம்பர்

கண் பேச்சு வந்ததால் ஒன்று. மனித மூளையில் பார்வையின் வரைபடத்தை முதலில் கணக்காகப் போட்டவர்களில் ஒருவர் ஜப்பானியக் கண் மருத்துவர் தாட்சுஜி இனோயே. 1904-05 ரஷ்ய ஜப்பானியப் போரில் தோட்டா பின்தலையைத் துளைத்துப் போயும் பிழைத்த சிப்பாய்களைப் பரிசோதித்தார். தோட்டா நுழைந்த இடம், வெளியேறிய இடம், பார்வையில் இருண்டுபோன இடம் மூன்றையும் பொருத்திப் பார்த்தார். நேராகப் பார்க்கும் நடுப்பகுதிக்கு மூளையில் மிகப் பெரிய இடம் என்பது அதில் தெரிந்தது. விரல் நுனிக்கு உள்ள அதே சலுகை. அந்தச் சிப்பாய்கள் பட்ட பாட்டின் மேல் எழுந்த அறிவு இது.

9 நவம்பர்

நெல்லையப்பர் கோயில் இசைத்தூண்களைத் தட்டிப் பார்த்துவிட்டு வந்த ஒருவரின் கேள்வி: சுரத்துக்கும் மூளையில் வரைபடம் உண்டா?

உண்டு. காதுக்குள் நத்தை ஓடு போலச் சுருண்ட குழலில் ஒரு சவ்வு. வாசல் பக்கம் கீச்சுக் குரலுக்கு அதிர்கிறது, உள் நுனி கனத்த ஒலிக்கு அதிர்கிறது. இதைக் காட்டிய பெக்கெசிக்கு 1961இல் நோபல் பரிசு. இந்த வரிசை குலையாமல் மூளை மேற்பரப்பு வரை போகிறது. தூணின் ஒவ்வொரு சுரமும் உங்கள் தலைக்குள் பக்கத்துப் பக்கத்து இடங்களில்தான் விழுகிறது.

ஆனால் ஒலி எந்தத் திசையிலிருந்து வந்தது என்பதற்குக் காதில் இடமே கிடையாது. அதை மூளை கணக்குப் போட்டுத்தான் எடுக்க வேண்டும். பழைய கோபுரங்களில் அடையும் கூகை இதில் கெட்டிக்காரப் பறவை, கும்மிருட்டில் காதை வைத்தே எலியைப் பிடித்துவிடும். ஒலி இரண்டு காதையும் எட்டும் நேர வித்தியாசத்திலிருந்து இடம் வலம் தெரிகிறது. கூகையின் இரண்டு காதுகளும் ஒரே மட்டத்தில் இல்லை, அதனால் ஓசை அளவின் வித்தியாசத்திலிருந்து மேல் கீழ் தெரிகிறது. எரிக் நட்சென், மசகாசு கொனிஷி இருவரும் 1978இல் கூகையின் நடுமூளையில் திசைகளின் வரைபடத்தையே கண்டார்கள். உடம்பின் எந்தப் பரப்பிலும் இல்லாத ஒரு படத்தை மூளை தானே வரைந்து வைத்திருக்கிறது. இந்தத் தொடரில் எழுதியதிலேயே எனக்கு மிகப் பிடித்தது இதுதான்.

மனிதருக்கு அந்த நேர வித்தியாசம் அதிகபட்சம் ஒரு நொடியில் 1500இல் ஒரு பங்கு அளவு. அதற்குள் கணக்கு முடிந்துவிடுகிறது.

10 நவம்பர்

வாசனைக்கு? அல்வாக் கடைப் பக்கம் போகும்போது நெய் மணம் மூளையில் எங்கே விழுகிறது என்று கேட்டவருக்கு: மூக்குக்கு மேலே உள்ள முதல் நிலையத்தில் ஒழுங்கு உண்டு, மணத்தைப் பிடிக்கும் ஏற்பிகளில் ஒரே வகையானவை ஒரே முடிச்சில் வந்து கூடும். லிண்டா பக், ரிச்சர்ட் ஆக்செல் இருவருக்கும் 2004 நோபல் பரிசு ஏற்பிகளைக் கண்டதற்காக. அடுத்த நிலையத்தில் அந்த ஒழுங்கு கலைந்து, ஒரு மணம் அங்கங்கே சிதறிய அணுக்களைத் தூண்டுகிறது. நெய்க்கென்று தனி முற்றம் இல்லை.

7 டிசம்பர்

பாக்கி வைத்த மறுப்பு.

முகம் வந்து கையின் இடத்தைப் பிடித்துக்கொள்கிறது என்பது பாடப்புத்தகங்களில் முப்பது ஆண்டுகளாக இருக்கிறது. 2025இல் நேச்சர் நியூரோசயின்ஸ் இதழில் வெளிவந்த ஆய்வு அதை நேரடியாகவே பரிசோதித்தது. முன்னெல்லாம் கை போன பிறகுதான் மூளையைப் படம் எடுப்பார்கள், முன்பு எப்படி இருந்தது என்பதற்கு ஆதாரம் இருக்காது. இவர்கள், கை அகற்றப்படவிருந்த மூவரை அறுவைக்கு முன்பே படம் எடுத்து, பிறகும் ஆண்டுக்கணக்கில் தொடர்ந்தார்கள். இல்லாத விரலை அசைக்கச் சொன்னால் பழைய இடமே பழைய மாதிரியே துடித்தது. உதடு எல்லை தாண்டவில்லை.

அப்படியானால் அந்தக் குரங்குகள்? ஹரியானாவின் மானேசரில் உள்ள தேசிய மூளை ஆராய்ச்சி மையத்தில் நீரஜ் ஜெயின் குழுவினர் 2014இல் இதற்கு ஒரு துப்புத் தந்தார்கள். தண்டுவடத்தில் காயம்பட்ட குரங்குகளில், முகம் கையின் பகுதிக்குள் பரவியிருந்தது. கைக்குரிய முகுள நிலையத்தை மருந்தால் தற்காலிகமாக முடக்கியதும், மேலே தெரிந்த அந்தப் பரவல் மறைந்துவிட்டது. அதாவது மாற்றம் மேற்பரப்பில் ஏற்படவில்லை, அடியில் முதல் கைமாற்றம் நடக்கும் இடத்தில் ஏற்பட்டிருக்கிறது. நம் ஊர்க் காரர்களுக்குச் சொல்ல வேண்டுமா? தலைமடையில் ஒரு கை மண் நகர்ந்தால் கடைமடை வயலில் தண்ணீர் மாறிவிழும், வயலை வெட்டிப் பார்த்து என்ன பயன்.

கன்னம் தொட்டால் விரல் தெரிவதாகச் சொன்னவர்கள் உணர்ந்தது உண்மை. அதற்குச் சொன்ன காரணம்தான் மாறுகிறது. பெரியப்பாவின் பக்கம் இதனால் இன்னும் வலுக்கிறது: கையின் இடம் வேறு யாருக்கும் போகவில்லை என்றால், அந்தக் கையை அவர் உணர்வதில் ஆச்சரியப்பட என்ன இருக்கிறது?

கண்ணாடி எப்படி வேலை செய்கிறது என்ற விளக்கத்தையும் இதற்கேற்ப மறுபடி யோசிக்க வேண்டும். குலைந்த படத்தைக் கண்ணாடி சீர்செய்கிறது என்று இனி சொல்ல முடியாது. மடங்கு என்ற கட்டளைக்கும் கண்ணுக்குத் தெரிவதற்கும் இடையிலான முரண் தணிகிறது என்பதுதான் எனக்குப் பொருத்தமாகப் படுகிறது.

14 டிசம்பர்

பாளையங்கோட்டையில் பார்வையற்றோர் பள்ளி நெடுங்காலமாக இருப்பதால் எங்களுக்குப் பிரெய்ல் படிப்பவர்கள் அந்நியர் இல்லை. பிறவியிலேயே பார்வையில்லாத என் தோழி ஒருத்தி பேசிக்கொண்டே பக்கம் பக்கமாகப் படித்துப் போவாள். பிரெய்லில் ஒரு புள்ளிக்கும் அடுத்ததற்கும் இடைவெளி சுமார் 2.5 மில்லிமீட்டர், அக்டோபரில் எழுதிய கொண்டை ஊசிக் கணக்கின் விளிம்பு. விரலின் எல்லை எதுவோ அதிலேயே எழுத்தை வைத்திருக்கிறார்கள்.

1996இல் நோரிஹிரோ சடாட்டோ குழுவினர், சிறு வயதிலேயே பார்வை இழந்தவர்கள் பிரெய்ல் படிக்கும்போது பின்மூளையின் பார்வைப் பகுதி துடிப்பதைக் கண்டார்கள். அடுத்த ஆண்டு அதே பகுதியைக் காந்தத் துடிப்பால் சற்றுக் குழப்பியபோது படிப்பில் பிழைகள் வந்தன. ஆக அங்கே உண்மையாகவே வேலை நடக்கிறது. தவளையின் பிடிவாதத்தையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், கையின் இடம் மாறவில்லை என்று சென்ற வாரம் நான் எழுதியதும் இதுவும் மோதவில்லை: குழந்தைப் பருவத்தில் இழந்ததற்கும் முதிர்ந்த பிறகு இழந்ததற்கும் வித்தியாசம் பெரிது.

தோழியிடம் சொன்னேன். எந்த விரலால் படித்தார்கள் என்று கேட்டாள். பல விரல்களைச் சேர்த்துப் படிப்பவர்களுக்கு எந்த விரலைத் தொட்டார்கள் என்பதே சில சமயம் குழம்பும் என்று 1998 ஆய்வு ஒன்று இருப்பதைச் சொன்னதும், தன் இடது ஆள்காட்டி விரல் ஒன்றே போதும் என்று நிம்மதியானாள்.

4 ஜனவரி 2026

சுரண்டையிலிருந்து ஒரு மகன்: அம்மாவுக்குச் சர்க்கரையால் இடது கால் முழங்காலுக்குக் கீழே எடுத்தாயிற்று, பாதத்தில் எரிச்சல், காலுக்கும் கண்ணாடி உண்டா?

உண்டு. 2007இல் அமெரிக்க ராணுவ மருத்துவமனையில் கால் இழந்தவர்களை மூன்று குழுவாகப் பிரித்தார்கள்: கண்ணாடி பார்த்தவர்கள், துணி மூடிய கண்ணாடி வைத்தவர்கள், மனத்தால் மட்டும் கற்பனை செய்தவர்கள். கண்ணாடி பார்த்தவர்களுக்கு வலி குறைந்தது. கட்டிலில் கால் நீட்டி உட்கார வையுங்கள். நீளக் கண்ணாடியைக் கால்களுக்கு நடுவே படுக்க நிறுத்தி, பளபளக்கும் பக்கம் வலது காலைப் பார்க்க வேண்டும். கொலுசு, மெட்டி கழற்றிவிடுங்கள். பாதத்தை மெதுவாக மேலே, கீழே, விரல் மடக்கி, விரித்து. தலை சுற்றினாலோ அழுகை வந்தாலோ அன்றைக்கு நிறுத்திவிடுங்கள், பலருக்கு முதல் நாள் அப்படி வரும்.

ஒன்றை முதலில் பாருங்கள். குச்சிமுனையில் சிவப்போ சீழோ சூடோ இருந்தால் கண்ணாடி வேண்டாம், அன்றே அறுவை மருத்துவரிடம் காட்டுங்கள். வலது பாதத்தையும் தினமும் புரட்டிப் பாருங்கள். சர்க்கரைக்காரர்களுக்கு அங்கே முள் ஏறினாலும் தெரியாது.